புன்னைத்துறையின் இரண்டு பூவராகன்கள்

பூவராகன் புன்னைத்துறை ஊருக்கு மேயராகப் பதவி ஏற்ற ஐப்பசி மாதத்து வியாழக்கிழமை காலை பத்து மணிக்கு, நகராட்சிக் கட்டடத்து மாடியில் வலது கையை உயர்த்தி உறுதிமொழி வாசித்துக்கொண்டிருந்த அதே பத்து மணிக்கு, இரண்டு மைல் தள்ளி ஆற்றங்கரையில் இருந்த தன்னுடைய பீர் ஆலையில் மூன்றாம் தொட்டியின்மேல் குனிந்து நுரையை முகர்ந்து பார்த்துக்கொண்டும் இருந்தார். இது மதியம் டீக்கடையில்தான் தெரிந்தது. ஆலைக் காவலாளி சூசை, முதலாளி காலையில் வந்து நுரை சரியில்லை என்று திட்டிவிட்டுப் போனதாகச் சொன்னான். நகராட்சி பியூன் தாண்டவன், அவருக்கு மாலை எடுத்துக் கொடுத்ததே தான்தான் என்றான். ஒரு டீ ஆறுகிற நேரம் இரண்டு பேரும் வாதாடினார்கள். பிறகு கடைக்காரர், ஒரு ஆள் தலையில் இரண்டு ஆள் வேலையை ஏற்றினால் வேறென்ன ஆகும் என்று கேட்டார், கேட்டுக்கொண்டிருந்தவர்களுக்கு அது நியாயமாகப் பட்டது, அதற்குமேல் யாரும் காரணம் தேடவில்லை.

பிரெஞ்சுக்காரர்கள் கப்பலேறிப் போய் ஏழெட்டு வருஷம் ஆகியும் அந்த ஊரில் மேயரை மேர் என்றுதான் சொல்வார்கள். அதனால் அன்று சாயங்காலமே ஒருவர் மேர் ஐயா ஆனார், இன்னொருவர் ஆலை ஐயா ஆனார். பேர் வைத்தாகிவிட்டால் எந்த அதிசயமும் பாதி பழகிவிடும்.

பூவராகன் சோடாக் கடைக்காரர் மகன். பதினெட்டு வயதில் கப்பலில் கரி அள்ளுகிற வேலைக்குப் போனவர், குளிர் நாட்டுத் துறைமுகம் ஒன்றில் இறங்கி, அங்கே பீர் ஆலையில் தொட்டி கழுவி, பிறகு மூட்டை தூக்கி, பிறகு முளைகட்டின பார்லியை வறுக்கக் கற்று, ஆறு வருஷம் கழித்து ஒரு சீசா ஈஸ்ட்டோடு ஊர் திரும்பினார். அது சூடு பட்டால் செத்துவிடும் என்று ஈரத்துணி சுற்றி, நாற்பது நாள் கப்பலில் தன் பங்குக் குடிதண்ணீரில் பாதியை அந்தத் துணிக்கே ஊற்றிக் காப்பாற்றிக் கொண்டுவந்தார். அந்த ஒரு சீசாவிலிருந்து ஆலை வந்தது, ஆலையிலிருந்து முந்நூறு குடும்பங்களின் அடுப்பு எரிந்தது. எல்லைக்கு அந்தப் பக்கம் மதுவிலக்கு இருந்தபடியால் சனிக்கிழமைதோறும் பஸ் நிரம்பி ஆட்கள் வந்து குடித்துவிட்டுப் பாடிக்கொண்டே போனார்கள். ஆஸ்பத்திரிக்குக் கட்டில், பள்ளிக்கூடத்துக்குக் கூரை, தெருவுக்கு விளக்கு என்று அவர் செய்துகொண்டே போக, ஊர் ஒருநாள் அவரையே கேட்டது. அவரும் சரி என்றார். இல்லை என்று சொல்லத் தெரியாததுதான் அவருடைய குணம், அதை அவர் மனைவி அபரஞ்சியைவிட நன்றாக அறிந்தவர் யாரும் இல்லை.

அபரஞ்சிக்குப் பத்தொன்பது வயதில் கல்யாணம். கல்யாண விருந்தில் பாயசம் வருவதற்குள் மாப்பிள்ளை மூன்று தடவை எழுந்து போனார். எங்கே போகிறார் என்று பின்னாலேயே போய்ப் பார்த்தவள், கிணற்றடி நிழலில் குந்தி உட்கார்ந்து ஒரு சீசாவைத் தொட்டுப் பார்த்துக்கொண்டிருந்த புருஷனைக் கண்டாள். அன்றைக்கு அவள் நெஞ்சில் ஒரு முள் ஏறியது. வேறு பெண் என்றால் தலைமுடியைப் பிடித்து இழுத்துக் கேட்கலாம். சீசாவை என்ன கேட்பது? அதற்குப் பிறகு ஆலைமேல் பொறாமைப்பட்டாள், அவர் சட்டையில் ஊறியிருந்த புளித்த வாசனைமேல் பொறாமைப்பட்டாள், அவர் பெயரைச் சொல்லிக்கொண்டு வாசலுக்கு வருகிற ஊர்க்காரர்கள்மேல் பொறாமைப்பட்டாள். எல்லாவற்றையும் மனதுக்குள் வைத்துக்கொண்டே மகள் சுலோசனாவை வளர்த்துக் கட்டிக்கொடுத்து வடக்கே அனுப்பி, நாற்பது வயதைத் தொட்ட சமயத்தில்தான் அந்த வியாழக்கிழமை வந்தது.

சாயங்காலம் இரண்டு பேரும் ஒரே நேரத்தில் வீட்டுக்கு வந்தார்கள். ஒருவர் மேற்கேயிருந்து காரில், ஒருவர் கிழக்கேயிருந்து சைக்கிள் ரிக்‌ஷாவில். இரண்டு பேருக்கும் இடது புருவத்தில் அதே தழும்பு, அதே முன்வழுக்கை, செருப்பை வாசலில் திருப்பிப் போடுகிற அதே பழக்கம். ஒருவர்மேல் சாமந்திப்பூவும் காகிதமும் மணத்தன, ஒருவர்மேல் வறுத்த பார்லி மணத்தது. அபரஞ்சி ஒரு சொம்புத் தண்ணீரோடு நின்றுகொண்டிருந்தாள். இரண்டு கைகள் நீண்டன. அவள் சொம்பைக் கீழே வைத்துவிட்டு உள்ளே போய் இன்னொரு சொம்பு எடுத்துவந்தாள், இரண்டையும் கையில் கொடுக்காமல் படியில் வைத்தாள். அந்த ராத்திரியிலிருந்தே மாடி அறைக்குத் தன் படுக்கையை மாற்றிக்கொண்டு உள்ளே தாழ் போட்டுக்கொண்டாள். குளத்தங்கரையில் பெண்கள் அதைப்பற்றி ஒரு மாதம் பேசினார்கள், பிறகு தாழ் போடாவிட்டால் என்ன பேசியிருப்போமோ என்று தங்களுக்குள்ளேயே சொல்லி விட்டுவிட்டார்கள்.

ஊர் தன்னைச் சரிசெய்துகொண்டது. பெருமாள் கோயில் தர்மகர்த்தாக்கள் கூடி, பூவராகனுக்குக் கட்டுகிற பரிவட்டத்தை இரண்டாகக் கிழிப்பதா, இரண்டாவது ஒன்று வாங்குவதா என்று மூன்று நாள் பேசி, இரண்டாவது வாங்கினார்கள். நாவிதர் மாசிலாமணி, ஞாயிற்றுக்கிழமை காலையில் ஒரே முகத்தை இரண்டு தடவை மழிப்பது கை தவறாத பயிற்சி என்றார். பத்திரம் எழுதுகிற நொத்தேர் பிரகாசநாதர், மனுஷன் ஒன்றாகத்தான் இருக்கவேண்டும் என்று எந்தச் சட்டத்திலும் இல்லை, கையெழுத்து ஒன்றாக இருந்தால் போதும் என்று எழுதியே கொடுத்தார். சுலோசனா மாதாமாதம் போடுகிற கடிதத்தை 'அன்புள்ள அப்பாவுக்கும் அப்பாவுக்கும் அம்மாவுக்கும்' என்று தொடங்கினாள். ஆலைக் கழிவு வாய்க்காலில் கலப்பதாக மீனவத் தெருக்காரர்கள் மேர் ஐயாவிடம் மனுக் கொடுத்தார்கள். அவர் 'ஐயா, தங்கள் ஆலையிலிருந்து' என்று ஆலை ஐயாவுக்கு எழுதினார், ஆலை ஐயா 'ஐயா, தங்கள் கடிதம் கிடைத்தது' என்று மேர் ஐயாவுக்குப் பதில் எழுதினார், தாண்டவன் இரண்டு கடிதங்களையும் தூக்கிக்கொண்டு நடந்து இளைத்துப்போனான். ஆனாலும் வாய்க்கால் சுத்தமானது, மீனவத் தெருவுக்கு அதுதான் முக்கியம். வேறு ஊர்களில் ஒரு மேயரைப் பிடிக்கவே ஆறு மாசம் ஆகிறது, நமக்கு எந்நேரமும் ஒருவர் நாற்காலியில் இருக்கிறார் என்று புன்னைத்துறைக்காரர்கள் பெருமையடித்துக்கொண்டார்கள்.

வீட்டுக்குள் மட்டும் அது சரியாகவில்லை. முதல் வருஷம் இரண்டு பேரும் ஒருவரையொருவர் மரியாதையாக 'நீங்க' என்றார்கள். ஆலை ஐயா சாயங்காலம் நான்கு மணிக்கே வந்துவிடுவார், வந்து சமையல்கட்டு வாசலில் முக்காலி போட்டு உட்கார்ந்து, அன்றைக்கு நுரை எப்படி எழும்பியது என்று அபரஞ்சியிடம் சொல்வார். இருபது வருஷமாகச் சொல்லாததை எல்லாம் சொன்னார். மேர் ஐயா விளக்கு வைத்த பிறகு கழுத்தில் மாலை வாடி வருவார், வந்து அந்த முக்காலியைப் பார்ப்பார். ஆலை ஐயா அந்த மாலையைப் பார்ப்பார். சுதந்திர தினத்தன்று மேர் ஐயா மைதானத்தில் கொடியேற்றிப் பேச, கைதட்டல் காற்றில் மிதந்து ஆலை வரைக்கும் வந்தது. தன் குரலுக்குத் தன்னுடையது அல்லாத கைதட்டல் கிடைப்பதைக் கேட்டுக்கொண்டு ஆலை ஐயா தொட்டியின் மூடியைப் படாரென்று சாத்தினார். சாப்பாட்டு நேரத்தில் மீன்தலை யார் தட்டுக்குப் போகிறது என்று இரண்டு ஜோடிக் கண்களும் கரண்டியைத் தொடர்ந்தன. அபரஞ்சி ஒருநாள் இவருக்கு, ஒருநாள் அவருக்கு என்று வைத்தாள், கடைசியில் தலையில்லாத மீனாகப் பார்த்து வாங்கச் சொன்னாள்.

அவர்கள் இருவரும் ஒருவர்மேல் ஒருவர் பொறாமைப்பட்டது ஊருக்குத் தெரியும். அபரஞ்சி அவர்கள் இருவர்மேலும் பொறாமைப்பட்டது யாருக்கும் தெரியாது. விடியற்காலையில் எழுந்து, இரண்டு பேருக்கும் வெந்நீர் வைத்து, இரண்டு வேட்டி துவைக்கப் போட்டு, ஆலை ஆட்களின் பெண்டுகள் வந்தால் பேசி, மனுவோடு வந்தவர்களுக்கு மோர் கொடுத்து, மத்தியானம் மாடிக்குப் போய்க் கண்ணாடி முன்னால் உட்கார்ந்து அவள் தன்னைத்தானே உற்றுப் பார்ப்பாள். ஒரே ஒருத்திதான் தெரிவாள். அவர் செய்தது இரண்டு வேலை, அதற்கே இரண்டாக ஆகிவிட்டார்; தான் செய்வது பத்து வேலை, தன்னிலிருந்து ஒரு விரல்கூடக் கூடுதலாக முளைக்கவில்லையே என்று நினைப்பாள். ஒருநாள் நொத்தேரின் மனைவி வந்திருந்தபோது அடக்கமாட்டாமல் வாய்விட்டே கேட்டாள்.

"ஏக்கா, ஆம்பளைக்கு வேலை அதிகமானா ரெண்டாளா ஆயிடறான். நாம மட்டும் ஏன் ஒருத்தியாவே தேஞ்சு போறோம்?"

நொத்தேரின் மனைவி வெற்றிலையை மென்றபடி, நாமும் இரண்டானால் அந்த இன்னொருத்திக்கும் சேர்த்து நாம்தான் சமைக்கவேண்டி வரும் என்று சொன்னாள். அபரஞ்சி சிரித்தாள், ஆனால் முள் அப்படியே இருந்தது.

நான்காம் வருஷமும் ஐந்தாம் வருஷமும் மழை பொய்த்தது. ஆறு மணலாயிற்று, குளம் விரிசல்விட்டது, ஊர்க் கிணறுகளில் கடல் ஏறித் தண்ணீர் உப்புக் கரித்தது. நல்ல தண்ணீர் ஊரில் ஒரே இடத்தில்தான் இருந்தது, ஆலைக் கிணற்றில். பீருக்கு அந்தத் தண்ணீர்தான் ருசி. அதற்காகத்தான் பூவராகன் ஆலையை அந்த இடத்தில் கட்டியிருந்தார். அபரஞ்சியின் அப்பா அவளுக்குச் சீதனமாகக் கொடுத்த இரண்டு காணி நிலம் அது. மாசி முடிவதற்குள் பெண்கள் குடங்களோடு ஆலை வாசலில் நிற்க ஆரம்பித்தார்கள். சூசை கதவைத் திறக்கவில்லை. திறக்கவேண்டாம் என்று அவனுக்கு உத்தரவு.

மேர் ஐயா கடிதம் எழுதினார், இந்த முறை 'ஐயா' இல்லை. கிணற்றை ஊருக்குத் திறந்துவிடாவிட்டால் நகராட்சி எடுத்துக்கொள்ளும் என்று எழுதினார். ஆலை ஐயா, தொட்டி காய்ந்தால் முந்நூறு குடும்பம் காயும், ஈஸ்ட்டு செத்துப்போனால் பிறகு எந்தக் கப்பலில் போய்க் கொண்டுவருவது என்று பதில் எழுதினார். இருவர் சொன்னதும் நியாயம்தான், அதனால் ஊரும் இரண்டாகப் பிரிந்து நின்றது. பங்குனி மாதத்து முதல் திங்கட்கிழமை நகராட்சிக் கூடத்தில் விசாரணை வைத்தார்கள். பெஞ்சு நிரம்பி, ஜன்னல் நிரம்பி, படிக்கட்டில் ஆட்கள் நின்றார்கள். நொத்தேர் பிரகாசநாதர் பத்திரக் கட்டோடு வந்து நடுவில் உட்கார்ந்தார். அபரஞ்சி பெண்கள் பக்கம் தூணோரம் இருந்தாள்.

முதலில் இரண்டு பேரும் எழுதி வைத்திருந்ததை வாசித்தார்கள். பிறகு காகிதத்தைக் கீழே வைத்துவிட்டுப் பேசினார்கள். ஒரே குரல் என்பதால் பின்னால் இருந்தவர்களுக்கு யார் பேசுகிறார் என்று தெரியவில்லை, ஒரு மனுஷன் தன்னோடு தானே சண்டை போடுவதுபோலத்தான் கேட்டது. போகப் போகத் தண்ணீர் பேச்சிலிருந்து நழுவிற்று.

"தண்ணி குடுத்தா பேரு யாருக்கு? உனக்கு," என்றார் ஆலை ஐயா. "நான் தொட்டியில கெடந்து வெந்து சம்பாதிச்ச பேரை நீ மாலையாப் போட்டுக்கிட்டுத் திரியற."

மேர் ஐயா மேஜையை இறுகப் பிடித்துக்கொண்டு முன்னால் சாய்ந்தார்.

"மாலையை நீ எடுத்துக்க," என்றார். "நாலு மணிக்கு வீட்டுக்குப் போயி அந்த முக்காலியில உக்கார்றியே, அதை எனக்குக் குடு."

ஜன்னலில் தொங்கிக்கொண்டிருந்தவர்கள்கூட வேறு பக்கம் பார்த்தார்கள். அபரஞ்சிக்கு முகம் கொதித்தது. இருபது வருஷம் யாருக்கும் வேண்டாதிருந்த சமையல்கட்டு வாசல் இன்றைக்கு ஊர் முன்னால் பங்குக்கு வந்துவிட்டதே என்று ஒரு பக்கம் அவமானம். இன்னொரு பக்கம், அவள் பிறகு நொத்தேரின் மனைவியிடம் மட்டும் ஒப்புக்கொண்டபடி, கொஞ்சம் சந்தோஷம். அவள் எழுந்து நடுவில் வந்து, நொத்தேரைப் பார்த்து, கிணறு யார் பேரில் இருக்கிறது என்று கேட்டாள். பிரகாசநாதர் கட்டைப் பிரித்து, தாள் தாளாகப் புரட்டி, கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடி பார்த்தார். நிலம் அம்மா பேரில்தான் இருக்கிறது, எந்தக் காலத்திலும் யார் பேருக்கும் மாற்றவில்லை என்றார். இரண்டு பூவராகன்களும் ஒரே நேரத்தில் வாயைத் திறந்து ஒரே நேரத்தில் மூடினார்கள்.

"அப்ப சாவியை எங்கிட்ட குடுங்க," என்றாள் அபரஞ்சி.

மறுநாள் காலையிலிருந்து அவள் கிணற்றடியில் ஒரு நாற்காலி போட்டு உட்கார்ந்துகொண்டாள். விடிந்ததிலிருந்து உச்சிப்பொழுதுவரை ஊருக்கு, ஒரு வீட்டுக்கு மூன்று குடம். பிள்ளை பெற்றவள் இருந்தால் நான்கு. உச்சிக்குமேல் ஆலைக்கு, ஒரே ஒரு தொட்டிக்கு. ஈஸ்ட்டு சாகாமல் இருக்க அது போதும், ஆட்களுக்கு முறை வைத்து வேலை. வீட்டில் யாருக்கும் சமைக்கவில்லை. தலையாரி வீட்டுக்காரி நான்காவது குடத்துக்கு இல்லாத பிள்ளையைச் சொன்னபோது அவளைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டு, குடத்தைக் கவிழ்க்காமல், நாளைக்கு இரண்டு குடம் என்று மட்டும் சொன்னாள். ஒரு வாரத்துக்குள் ஊர் அவளுக்கும் ஒரு பேர் வைத்துவிட்டது: கிணற்றம்மா. மேர் ஐயாவைத் தேடி மனுவோடு வந்துகொண்டிருந்தவர்கள் கிணற்றடிக்குப் போனார்கள். ஆலை ஆட்கள் முறை கேட்க அங்கே போனார்கள். கோயிலில் மூன்றாவது பரிவட்டத்தைப்பற்றிப் பேச்சு எழுந்தது. பெண்ணுக்குக் கட்டலாமா என்று நான்கு நாள் பேசி, முடிவில் ஒரு புடவை என்று தீர்மானித்தார்கள்.

மேர் ஐயா வெறும் அறையில் உட்கார்ந்திருந்தார். ஆலை ஐயா வெறும் தொட்டிகளைச் சுற்றி நடந்தார். ஒருநாள் இருவரும் குடத்தோடு வரிசையில் நிற்கவேண்டி வந்தது, ஒரே வீடு என்பதால் அவள் இருவருக்கும் சேர்த்து மூன்று குடம்தான் விட்டாள். அன்றைக்குச் சாயங்காலம் ஆற்றங்கரைக் கல் பெஞ்சில் ஆலை ஐயா உட்கார்ந்திருக்க, மேர் ஐயா வந்து மறு ஓரத்தில் உட்கார்ந்தார். அதிகாரம் வந்ததும் எப்படி மாறிவிட்டாள் பார் என்றார் ஒருவர். நம்மை ஏறிட்டுக்கூடப் பார்க்கவில்லை என்றார் இன்னொருவர். மறுநாளும் வந்தார்கள். அவளுக்குக் கும்பிடு போடுகிறவர்களை எண்ணி எண்ணிச் சொல்லிக்கொண்டார்கள், அவள் குரல் எப்போது இவ்வளவு கணீரென்று ஆனது என்று வியந்துகொண்டார்கள், ஒருவர் விட்ட வாக்கியத்தை இன்னொருவர் முடித்தார். பெஞ்சில் இருவருக்கும் நடுவே இருந்த இடைவெளி நாளுக்கு நாள் குறைந்ததை ஆற்றுமணலில் ஆடு மேய்த்தவர்கள் எல்லோரும் பார்த்தார்கள்.

நாற்பத்தொன்றாம் நாள் மத்தியானம் மூன்று மணிக்குக் கடல் பக்கமிருந்து கறுத்துக்கொண்டு வந்தது. மறுநாள் முறைக்கு இடம் பிடிக்க வந்திருந்த பெண்கள் குடத்தைக் கீழே வைத்துவிட்டு அண்ணாந்து பார்த்தார்கள். முதல் தூற்றல் விழுந்தபோது இரண்டு பேரும் பெஞ்சில் இருந்தார்கள். சூசை ஆலையிலிருந்து ஒரு பார்லிச் சாக்கை எடுத்துக்கொண்டு ஓடினான். ஒரே சாக்குத்தான் கையில் கிடைத்தது. அதை மடித்துக் கொங்காணியாக்கி இரண்டு தலைமேலும் சேர்த்துப் போட்டுவிட்டான். மழை தாரைதாரையாக இறங்கியது. கொங்காணிக்குள் இரண்டு பேர் தோளோடு தோள் ஒட்டிக் கரையேறிப் போனதைத் தன் கண்ணால் பார்த்ததாகச் சூசை சாகும்வரை சொன்னான். வீட்டு வாசலில் சாக்கை எடுத்து உதறியபோது ஒரு பூவராகன்தான் இருந்தார்.

ஊர் இதையும் சரிசெய்துகொண்டது. கோயிலில் இரண்டாவது பரிவட்டத்தை மடித்துப் பெட்டியில் வைத்தார்கள். மாசிலாமணி ஞாயிற்றுக்கிழமைகளில் கை சும்மா இருப்பதாகக் குறைப்பட்டார். மனுக்காரர்கள், வந்திருப்பது மேர் ஐயாதான், பாவம் ஆலை ஐயா போய்விட்டார் என்று வருத்தப்பட்டார்கள். ஆலை ஆட்கள், இல்லை, போனவர் மேர் ஐயா என்றார்கள். இரங்கல் கூட்டம் போடலாமா என்று தாண்டவன் போய்க் கேட்டதற்கு நொத்தேர், செத்தவர் என்று ஒருவரும் இல்லாமல் எப்படிப் போடுவது என்று திருப்பி அனுப்பினார். சுலோசனா 'அன்புள்ள அப்பாவுக்கு' என்று எழுதத் தொடங்கி, அந்தக் கடிதம் முழுக்க அழுதிருந்தாள்.

அபரஞ்சி அன்றைக்கு நனைந்து வீட்டுக்கு வந்தபோது ஒரே ஒருவர் முக்காலிக்குப் பக்கத்தில் நின்றுகொண்டிருந்தார், உட்காரவில்லை. அவர்மேல் சாமந்தி மணமும் இல்லை, பார்லி மணமும் இல்லை, மழை மணம்தான் இருந்தது. அவள் ஒரு சொம்புத் தண்ணீர் எடுத்து அவர் கையில் கொடுத்தாள். மாடிப் படுக்கை கீழே வந்தது.

பூவராகன் அடுத்த தேர்தலில் நிற்கவில்லை. ஆலையைச் சிறிதாக்கிக்கொண்டார். நகராட்சி தண்ணீர்க் குழு என்று ஒன்று வைத்து அதற்கு அபரஞ்சியைத் தலைவியாக்கியது, ஒன்பது வருஷம் அவள் அதில் இருந்தாள். அவள் பின்னேரத்தில் மாலையோடு வருவாள், அவர் நான்கு மணிக்கே வந்து சோறு வடித்து வைத்திருப்பார். அந்த மாலையை அவர் பார்க்கிற பார்வையை அவள் அறிவாள். அதே பார்வை இருபத்தைந்து வருஷம் அவள் கண்ணில் இருந்ததுதான். பாவமாக இருக்கும், கொஞ்சம் இனிக்கவும் செய்யும்.

எழுபதைத் தாண்டி அவர் படுக்கையில் விழுந்த வருஷம், ஒரு மத்தியானம், கஞ்சி கொடுத்து வாயைத் துடைத்துவிட்டுக்கொண்டிருந்தவளின் கையைப் பிடித்துக்கொண்டு, இத்தனை காலமும் கேட்காததைக் கேட்டார்.

"அபரஞ்சி. அந்த ரெண்டு பேர்ல உனக்கு யாரைப் புடிச்சுது?"

அவள் கையை உருவிக்கொள்ளவில்லை.

"மழை பெஞ்ச அன்னைக்கு வராமப் போனாரே, அவரைத்தான்," என்றாள்.

மறுநாள் அவர் மாசிலாமணியை வரவழைத்து முகம் மழித்துக்கொண்டார், சலவை வேட்டி கேட்டார், கட்டிலை வாசல் தெரிகிற இடத்துக்கு நகர்த்தச் சொன்னார். வைத்தியர் ஒரு வாரம் கெடு வைத்திருந்த அந்த மனுஷன் அதற்குப் பிறகு மூன்று வருஷம் இருந்தார், சாயங்காலம் ஆனால் ஒரு கண் மேற்கேயும் ஒரு கண் கிழக்கேயுமாகத் தெருவைப் பார்த்துக்கொண்டு, வராமல் போன அவன் வந்துவிடுவானோ, வந்தால் அபரஞ்சி எழுந்து போய்ச் சொம்பை எடுப்பாளோ என்று.